இவர் எந்த ஊர்?

அரைத்தவணை விடுமுறை நெருங்கினால் எங்கள் ஈஸ்ட்ஹாம் அம்மாமாரின் வாட்ஸ்அப் குழுவில் ஒரே கேள்விதான் சுற்றும்: பிள்ளைகளை எங்கே கூட்டிக்கொண்டு போவது? டைனோசர் எலும்பை எல்லாரும் மூன்று தரம் பார்த்தாயிற்று. ஆற்றங்கரையில் நிற்கிற அந்தப் பெரிய சக்கரத்துக்குக் குடும்பமாய் டிக்கெட் எடுத்தால் அந்த மாதச் சீட்டுக்காசு போய்விடும். அதனால் இந்த முறை நாங்கள் போய் வந்த இடத்தைப் பற்றி எழுதுகிறேன். கென்னிங்டன். தேம்ஸுக்குத் தெற்கே, நோர்தேர்ன் லைனில் இருக்கிறது. ஒரு பகல் நடந்தால் பார்த்துவிடலாம், செலவும் பெரிதில்லை. ஏழு வயது மகனும் எழுபதைத் தொடும் என் அப்பாவும் ஒருவரோடு ஒருவர் கோபிக்காமல் வீடு திரும்பிய பயணங்களை விரல் விட்டு எண்ணலாம். அதில் இது ஒன்று.

போனதற்குக் காரணம் ஒரு பகிடி. நல்ல பகிடி இல்லை.

ஒரு சனிக்கிழமை இரவு கடைச் சாப்பாடு. கவுண்டரில் அப்பாதான் ஓடர் கொடுத்தவர். வீட்டுக்கு வந்ததும் மகன் மேசைக்கு முன்னால் எழும்பி நின்று, தோளைக் கூனி, இல்லாத கண்ணாடியை மூக்கில் தள்ளிவிட்டுக்கொண்டு நடித்துக் காட்டினான்: "டூ பிஷ் அண்ட் சிப்ஸ் பிளீஸ் சேர். சொறி சேர். தாங்க்யூ சேர். சொறி சேர்." அச்சு அசல் அம்மப்பா. என் கணவர் சிரித்தார். நானும் சிரித்துவிட்டேன். எல்லாரையும் விட அப்பாதான் கூடச் சிரித்தவர். பிறகு தன் கோப்பையைக் கழுவி வைத்துவிட்டு, இரவுச் செய்திகூடப் பார்க்காமல் அறைக்குப் போய்விட்டார்.

மகனை ஏசினேன். ஏசும்போதே எனக்கு வெட்கமாக இருந்தது. இதே நடிப்பை நானும் நடித்திருக்கிறேன். அப்பா 1989இல் தனியாக லண்டன் வந்தவர். அம்மாவும் நானும் வந்து சேர்ந்தது 1995இல், எனக்கு எட்டு வயது. இரண்டு வருஷத்தில் வீட்டின் மொழிபெயர்ப்பாளர் நான்தான். டொக்டரிடம், கவுன்சில் கந்தோரில், என்னுடைய பள்ளிக்கூடப் பெற்றோர் கூட்டத்தில்கூட. (ஆசிரியை என்னைப் பற்றிச் சொன்ன குறைகளை நான் எப்படி மொழிபெயர்த்திருப்பேன் என்று நீங்களே யோசித்துக்கொள்ளுங்கள்.) சிநேகிதிகளுக்கு முன்னால் அப்பாவின் "சொறி சேர்"ஐ நடித்துக் காட்டிக் கைதட்டலும் வாங்கியிருக்கிறேன். மகனுக்கு அதை யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை, பரம்பரையாய் வந்திருக்கிறது.

அடுத்த நாள் முழுக்க மழை. இரண்டு பேரும் சோபாவின் இரண்டு மூலையில். சேர்ந்து பார்க்க ஒன்றுமில்லை. அவனுடைய கார்ட்டூன் இங்கிலிஷ் அப்பாவுக்குப் பிடிபடாது, அப்பாவின் படத்துத் தமிழ் அவனுக்கு ஓடாது. பேச்சே இல்லாத ஒன்றைப் போட்டால் என்ன என்றுதான் சாப்ளினைப் போட்டேன். 1917இல் வந்த 'தி இமிக்ரன்ட்'. இருபது நிமிஷத்துக்குக் கொஞ்சம் கூட ஓடும் குறும்படம். கப்பலில் அமெரிக்காவுக்குப் போகும் ஏழைச் சனங்களின் கதை.

முதல் காட்சியில் சாப்ளினின் முதுகுதான் தெரியும். கப்பல் விளிம்பில் குனிந்து, காலை உதறி உதறித் துடிக்கிறார். பாவம், கடல் ஒத்துக்கொள்ளாமல் சத்தி எடுக்கிறார் என்று நினைப்போம். திரும்பினால் கையில் ஒரு மீன்! மகன் கீழே விழுந்து சிரித்தான். பிறகு சாப்பாட்டு அறை. கப்பல் ஒரு பக்கம் சாயும்போது சூப் கோப்பை மேசையில் வழுக்கிக்கொண்டு எதிரே இருப்பவரிடம் போகும், அவர் ஒரு கரண்டி குடிப்பார். மற்றப் பக்கம் சாய இவரிடம் வரும், இவர் ஒரு கரண்டி. அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "சந்திரபாபு மாதிரியல்லோ விழுறான்" என்றார். அப்பாவுக்குச் சந்திரபாபு ஒரு அளவுகோல். தூத்துக்குடியில் பிறந்தாலும் கொழும்பில் வளர்ந்தவர் என்பதால் பாதி எங்கட ஆள் என்று ஒரு உரிமை. சாப்ளினையோ அவர் அதுவரை 'புன்னகை மன்னன்' கமலின் சாப்ளின் செல்லப்பாவாக மட்டும்தான் அறிந்திருந்தார்.

"அம்மா, ஏன் எல்லாரும் இவ்வளவு கெதியா நடக்கினம்?" மகன் கேட்டான். இது என் தொழிலுக்குக் கிட்டின கேள்வி என்பதால் உற்சாகமாகப் பதில் சொன்னேன். அந்தக் காலத்தில் கமராவைக் கையால் சுற்றுவார்கள். செக்கனுக்குப் பதினாறு, பதினெட்டுப் படம் போல எடுப்பார்கள். பேசும் படம் வந்த பிறகு செக்கனுக்கு 24 என்று ஆயிற்று. பதினாறாக எடுத்ததை 24ஆக ஓட்டினால் எல்லாரும் பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறவர்கள் போலத்தான் தெரிவார்கள். ஆனால் எல்லாம் தற்செயலும் இல்லை. அடிதடி, துரத்தல் காட்சிகளுக்கு வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி எடுப்பார்கள், திரையில் வேகம் கூட வேண்டும் என்பதற்காக. மகன் பாதியிலேயே "ஓகே அம்மா" என்று சொல்லிவிட்டான். எல்லா எஞ்சினியர் வீட்டிலும் நடப்பதுதான்.

கப்பல் நியூயோர்க் வந்துவிட்டது. எல்லாரும் சுதந்திரதேவி சிலையைப் பார்த்து மெய்மறந்து நிற்கிறார்கள். அடுத்த கணமே அதிகாரிகள் வந்து ஒரு நீளக் கயிற்றைக் குறுக்கே போட்டு, மாடுகளை மறிப்பது போல அத்தனை பேரையும் ஒரு பக்கம் நெருக்கிக் கட்டுகிறார்கள். அப்பாவின் சிரிப்பு நின்றது. அந்த நெரிசலுக்குள் சாப்ளின் சிலையை இன்னொரு தரம் திரும்பிப் பார்க்கிறார். பிறகு, அதிகாரி அந்தப் பக்கம் திரும்பிய நேரம் பார்த்து, பின்புறத்தில் ஒரு உதை.

"குடு!" என்றார் அப்பா. அவர் அப்படிச் சத்தம் போட்டு நான் கேட்டதில்லை. "பிள்ளை, அதைத் திருப்பிப் போடு." மூன்று தரம் போட்டோம். மகனும் அம்மப்பாவும் மூன்று தரமும் ஒரே இடத்தில் சிரித்தார்கள்.

(இந்த உதைக்குப் பின்கதை ஒன்று உண்டு. 35 வருஷம் கழித்து, 1952இல், சாப்ளின் குடும்பத்தோடு கப்பலில் லண்டனுக்குப் புறப்பட்டு வந்துகொண்டிருந்தபோது, அவர் திரும்பி உள்ளே வருவதற்கான அனுமதியை அமெரிக்கா ரத்துச் செய்தது. மிச்ச வாழ்க்கை சுவிட்சர்லாந்தில் போயிற்று.)

படம் முடிந்ததும் அப்பா கேட்ட கேள்வி, யாழ்ப்பாணத்தார் யாரைப் பார்த்தாலும் முதலில் கேட்கும் கேள்வி. "இவர் எந்த ஊர்?"

"லண்டன்தான் அப்பா. ஆத்துக்கு அங்காலை, கென்னிங்டன் பக்கம்."

"சும்மா சொல்லாதை. அமெரிக்கன் அல்லோ?"

முப்பத்தைந்து வருஷம் லண்டனில் இருந்தவருக்கு இது தெரியாது. எனக்கு மட்டும் என்ன, போன வருஷம்தான் தெரியும். இன்னொன்றும் சொன்னேன். 1931 செப்டம்பர் 22ஆம் திகதி, வட்டமேசை மாநாட்டுக்கு வந்திருந்த காந்தியைச் சாப்ளின் சந்தித்தது கானிங் டவுன் பெக்டன் ரோட்டில், கத்தியால் என்ற இந்திய டொக்டர் ஒருவரின் வீட்டில். எங்கள் வீட்டிலிருந்து பஸ்ஸில் போகிற தூரம். இயந்திரங்களை ஏன் வெறுக்கிறீர்கள் என்று சாப்ளின் கேட்க, காந்தி பொறுமையாக விளக்கினாராம். அப்பா தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார். "அப்ப போய்ப் பாப்பம்" என்றார்.

விடுமுறை வந்ததும் போனோம். ஈஸ்ட்ஹாமிலிருந்து டிஸ்ட்ரிக்ட் லைனில் மொனுமென்ட், நிலத்துக்குக் கீழாலேயே நடந்து பாங்க், அங்கிருந்து நோர்தேர்ன் லைன். கென்னிங்டன் ஸ்டேஷனுக்குத் தலையில் கவிழ்த்த கிண்ணம் போல ஒரு கூரை இருக்கிறது. 1890இல் திறந்த ஸ்டேஷன். அப்போது சாப்ளினுக்கு ஒரு வயது.

நேராகச் சினிமா மியூசியத்துக்கு. டுகார்ட் வே என்ற சின்ன ஒழுங்கைக்குள் இருக்கிறது, கூகிள் மாப் இல்லாமல் கண்டுபிடிக்க மாட்டீர்கள். நினைத்த நேரம் போய் உள்ளே நுழைய முடியாது. சுற்றிக் காட்டும் நேரத்துக்கு முன்கூட்டியே பதிய வேண்டும், மறந்துவிடாதீர்கள். உள்ளே பழைய புரொஜெக்டர்கள், தியேட்டர் கதிரைகள், தரைவிரிப்புத் துண்டுகள், டிக்கெட் கிழிப்பவர்களின் பித்தளைப் பொத்தான் வைத்த சீருடைகள். அப்பா ஒரு புரொஜெக்டருக்கு முன்னால் கனநேரம் நின்றார். ஊரில் எப்போதாவது ஒருக்கால் சைக்கிளைப் போட்டுவிட்டு ரீகல் தியேட்டருக்கு இங்கிலிஷ் படம் பார்க்கப் போன கதை. விளங்கியதா என்று கேட்டேன். "சண்டை விளங்கும்" என்றார்.

பொருட்களை விட அந்தக் கட்டிடத்துக்குத்தான் நான் போனேன். செங்கல் கட்டிடம், 1870களில் கட்டியது. அது அப்போது லாம்பெத் வொர்க்ஹவுஸின் ஒரு பகுதி. வொர்க்ஹவுஸ் என்றால், வக்கற்றவர்களை உள்ளே எடுத்து, வேலை வாங்கி, கஞ்சி ஊற்றும் விடுதி. பசியால் சாகாமல் இருக்கலாம், ஆனால் வாசலிலேயே குடும்பத்தைப் பிரித்துவிடுவார்கள். ஆம்பிளையள் ஒரு பக்கம், பெண்கள் ஒரு பக்கம், பிள்ளைகள் வேறு பக்கம். 1896இல் பாட்டுக்காரத் தாய் ஹன்னா, குரலும் போய், வேலையும் போய், இரண்டு பையன்களோடு இந்த வாசலுக்கு வந்தபோது இளையவனுக்கு ஏழு வயது. மூத்தவன் சிட்னி. தகப்பனும் பாட்டுக்காரர்தான். வேறு வீட்டில், குடியோடு இருந்தார். உள்ளே போய் முதல் தரம் தாயைப் பார்க்க விட்டபோது, விடுதிச் சீருடையில் வந்த அவளைப் பார்த்துத் திடுக்கிட்டதாகச் சாப்ளின் தன் சுயசரிதையில் எழுதியிருக்கிறார். ஒரு வாரத்துக்குள் வயது போனவள் போல இருந்தாளாம்.

இதை நான் மகனுக்கு இங்கிலிஷில் சொல்லி, அப்பாவுக்குத் தமிழில் சொன்னேன். பழைய உத்தியோகம், விட்டுப் போகாது. அப்பா ஒன்றும் சொல்லவில்லை. எனக்குத்தான் ஹீத்ரோ நினைவுக்கு வந்தது. ஆறு வருஷத்துக்குப் பிறகு தகப்பனைப் பார்க்க வந்த எட்டு வயதுக்காரி, பெற்றோல் ஸ்டேஷன் சீருடையோடு நேரே வேலையால் வந்து நின்ற மெலிந்த மனிசனைக் கண்டு அம்மாவின் பின்னால் ஒளிந்துகொண்டேன்.

வெளியே வந்து தெற்காக நடந்தோம். நடக்கும் வழியில் இந்தத் தொழில் எங்கே பழகினார் என்ற கதை. சாப்ளின் ஹொலிவூட்டில் விழப் பழகவில்லை. 1908இல் ஃப்ரெட் கார்னோ என்பவரின் நாடகக் கம்பனியில் சேர்ந்தார். பக்கத்து ஊரான கம்பர்வெல்லில்தான் கார்னோவின் இடம். பிறகு ஹார்டியோடு சேர்ந்து உலகப் புகழ் பெற்ற ஸ்டான் லோரலும் இதே கம்பனி ஆள்தான். கார்னோவின் நாடகங்கள் பேச்சில்லாமல் தொடங்கியதற்கு ஒரு காரணம் சட்டம். அந்தக் காலத்து லண்டனில் வசனம் பேசி நாடகம் போடுவதென்றால் அதற்கென்று அனுமதியும் தணிக்கையும் வேண்டும். பாட்டுக்கொட்டகைகளுக்கு அது கிடையாது. வாய் திறந்தால் வழக்கு. அதனால் வாயை மூடிக்கொண்டு உடம்பால் பேசினார்கள்: வழுக்கு, விழு, ஏணியைத் திருப்பி அடி, கேக்கை முகத்தில் அப்பு. எங்கள் கூத்தில் கோமாளியும் நாடகத்தில் பபூனும் செய்வதுதான். கார்னோ ஆட்களுக்குச் சொல்லிக் கொடுத்த ஒரு நுணுக்கத்தை லோரல் பிறகு நினைவுகூர்ந்திருக்கிறார். ஒருவனை நல்லாய் அடித்துப்போட்டு, உடனே சிரிப்புக்காக நிற்காதே, ஐயோ என்று ஒரு கணம் அவனைப் பார். அந்தப் பார்வைதான் சாப்ளின்.

1913 கடைசியில் கீஸ்டோன் கம்பனிக்குப் போனார். 1914 ஒரே வருஷத்தில் 35 படத்துக்கு மேல், பெரும்பாலும் பத்து, இருபது நிமிஷக் குறும்படங்கள். தொப்பி, பிரம்பு, தொளதொளத்த காற்சட்டை, பெரிய சப்பாத்து எல்லாம் அந்த வருஷம் வந்ததுதான்.

மெத்லி தெரு 39ஆம் இலக்கம். சாதாரண அடுக்கு வீடு, சுவரில் ஒரு நினைவுப் பலகை. அவ்வளவுதான். சனம் குடியிருக்கிறது, அதனால் வாசலில் நின்று குடும்பப் படம் எடுத்துக்கொண்டு நிற்காதீர்கள். 'ஈஸி ஸ்ட்ரீட்' படத்துத் தெரு இந்தத் தெருவின் சாயல்தான் என்பார்கள். அந்தப் படத்தில் நிறையப் பிள்ளைகள் உள்ள ஒரு ஏழை வீட்டில், கோழிக்குத் தீன் எறிவது போலச் சாப்ளின் பிள்ளைகளுக்குச் சாப்பாட்டைத் தூவுவார். வொர்க்ஹவுஸைப் பார்த்துவிட்டு வந்து அதை யோசிக்கையில் அவ்வளவு சிரிப்பு வரவில்லை.

சாப்ளின் இங்கே இருந்த காலத்தில் ஒரு பக்கம் ஊறுகாய் ஃபாக்டரி. "அப்ப எங்கட ஆக்கள் எண்டு சொல்லு" என்றார் அப்பா. மற்றப் பக்கம் ஆடு வெட்டும் இடம். ஒருநாள் அங்கே கொண்டுபோன ஆடு ஒன்று தப்பித் தெருவில் ஓட, பிடிக்கப் போனவர்கள் ஒருவர் மேல் ஒருவர் விழ, ஆட்டுக்கும் அவர்களுக்கும் நடந்த கூத்தைப் பார்த்துச் சின்னச் சாப்ளின் விழுந்து விழுந்து சிரித்தாராம். ஆட்டைப் பிடித்துக்கொண்டு போனதும் அதற்கு என்ன நடக்கப்போகிறது என்று உறைத்து, தாயிடம் அழுதுகொண்டு ஓடினாராம். தான் பிறகு எடுத்த படங்களுக்கெல்லாம் விதை அதுவாக இருக்குமோ என்று கிழவயதில் யோசிக்கிறார்.

அப்பாவுக்கு இந்தக் கதையை முடிக்க விடவில்லை. "கேள் பிள்ளை, எங்கட ஊரிலையும் ஒண்டு நடந்தது." வேள்விக்கென்று வளர்த்த கிடாய், மாலை எல்லாம் போட்டுக் கோயிலுக்குக் கொண்டு போகும் வழியில் கயிற்றை அறுத்துக்கொண்டு ஓடியிருக்கிறது. நான் இங்கிலிஷில் சொல்லத் தொடங்க முன்னமே அப்பா நடைபாதையில் ஓடிக் காட்டத் தொடங்கிவிட்டார். கிடாயாக முட்டினார். பெரியப்பாவாக வேட்டியைத் தூக்கிப் பிடித்தார். வேலியில் கொழுவுப்பட்டு நின்றார். பெரியப்பாவின் வேட்டி கிடாயின் கொம்போடு போனதை, கையால் முன்பக்கத்தைப் பொத்திக்கொண்டு காட்டினார். மெத்லி தெருவில், குளிர்ச் சட்டைக்கு மேல் மஃப்ளர் சுற்றிக்கொண்டு. மகன் சுவரில் சாய்ந்து மூச்சு வாங்கிச் சிரித்தான். நாயோடு வந்த ஒரு மனுசி நின்று பார்த்துவிட்டுப் போனாள். ஒரு சொல்லும் நான் மொழிபெயர்க்கவில்லை.

"பிறகு? ஆடு எங்கே போச்சு?" என்று மகன் தன் உடைந்த தமிழில் கேட்டான்.

அப்பா விரல்களைக் குவித்து வாய்க்குக் கொண்டுபோனார்.

அவன் முகம் அப்படியே விழுந்துவிட்டது. அப்பாவும் சிரிப்பை நிறுத்தி, ஒரு கணம் அவனைப் பார்த்தார். பிறகு அவன் தலையில் கையை வைத்தபடி நடந்தார்.

கென்னிங்டன் ரோட் 287க்கும் ஒரு பலகை உண்டு. தகப்பனோடு கொஞ்சக் காலம் இருந்த வீடு. இன்னும் தெற்கே பிரிக்ஸ்டன் ரோட்டில் க்ளென்ஷா மான்ஷன்ஸ், 1908இலிருந்து அண்ணனும் தம்பியும் சொந்த உழைப்பில் வாடகைக்கு எடுத்த முதல் பிளாட். அங்கே 2017இல் நீலப் பலகை வைத்தார்கள். கால் இருப்பவர்கள் போகலாம், நாங்கள் போகவில்லை. 1921இல் உலகமே கொண்டாடும் ஆளாக லண்டனுக்குத் திரும்பியவர், வோட்டர்லூ ஸ்டேஷனில் குவிந்த சனத்தையும் ஹோட்டலையும் விட்டு நழுவி, இந்தத் தெருக்களுக்குத்தான் தனியாக வந்தாராம், தாயோடு இருந்த மாடி அறையைப் பார்க்க. பவுனல் டெரஸ் என்ற அந்த வரிசை இப்போது இல்லை, இடித்துவிட்டார்கள். ஊர் வீட்டைப் பார்க்கப் போன எங்கள் சனத்துக்கு இதை விளக்கத் தேவையில்லை.

கடைசியாகக் கென்னிங்டன் பார்க். இந்தப் பார்க்குக்காகத்தான் மியூசியத்திலிருந்து இந்த ஒழுங்கில் நடந்தேன். 1898 ஓகஸ்டில் ஒருநாள் ஹன்னா வொர்க்ஹவுஸை விட்டுப் போகிறேன் என்று எழுதிக் கொடுத்துப் பிள்ளைகளையும் வெளியே எடுத்தாள். போக இடமில்லை. பிள்ளைகளோடு ஒரு பகல் இருக்க வேண்டும், அவ்வளவுதான் எண்ணம். சிட்னியிடம் இருந்த ஒன்பது பென்ஸில் அரை இறாத்தல் செரிப்பழம் வாங்கி, இந்தப் பார்க் வாங்கில் இருந்து மூன்று பேரும் தின்றார்கள். பேப்பரைக் கசக்கி, நூலால் சுற்றிப் பந்தாக்கி விளையாடினார்கள். மிச்சக் காசுக்குத் தேத்தண்ணியும் ஒரு கருவாட்டு மீனும் பங்கு போட்டார்கள். பின்னேரம் திரும்பிப் போய் வொர்க்ஹவுஸ் கதவைத் தட்டினார்கள். நடைமுறை எல்லாம் முதலிலிருந்து செய்ய வேண்டி வந்ததில் அங்கே இருந்தவர்களுக்குக் கோபமாம்.

நாங்களும் செரிப்பழம் கொண்டு போயிருந்தோம். சுப்பர்மார்க்கெட் பெட்டி, ஒன்பது பென்ஸுக்கு ஒரு பழமும் வராது. மகன் கொட்டையை எவ்வளவு தூரம் துப்பலாம் என்று அம்மப்பாவோடு போட்டி போட்டான். இலவசப் பேப்பர் ஒன்றைக் கசக்கிப் பந்தும் ஆயிற்று. களைத்து வந்து உட்கார்ந்தவன் என்னிடம் இங்கிலிஷில் கேட்டான், அம்மப்பா இங்கே வந்தபோது அவரையும் கயிற்றால் கட்டினார்களா என்று.

மொழிபெயர்க்கவா விடவா என்று நான் யோசிக்க, அப்பாவே பதில் சொன்னார். கேள்வி அவருக்கு விளங்கிவிட்டது.

"கயிறு இல்லை, அப்பன். ஒரு கதிரை. இரவு முழுக்க அதிலை இருக்க விட்டவை."

"நீங்கள் உதைச்சீங்களா?"

அப்பா செரிப்பழக் காம்பை விரலில் உருட்டிக்கொண்டிருந்தார். "இல்லையடா. சொறி சேர் எண்டனான்."

மகன் வேறொன்றும் கேட்கவில்லை. கொஞ்ச நேரம் கழித்துப் பெட்டியில் மிஞ்சியிருந்த பழங்களில் பெரியதைத் தேடி எடுத்து அம்மப்பாவிடம் கொடுத்தான். நான் பந்தைக் குப்பைத்தொட்டியில் போட எழும்பிப் போனேன். அது ஒன்றும் அவசர வேலையில்லை.

பார்க்கின் மூலையால் வெளியே வந்தால் ஓவல் ஸ்டேஷன். அதற்கு அங்கால் ஓவல் மைதானம். அப்பாவின் முகம் உடனே மாறியது. "முரளி பதினாறு விக்கெட் எடுத்த இடம்!" 1998 ஓகஸ்ட், முதல் இன்னிங்ஸில் ஏழு, இரண்டாவதில் ஒன்பது. ஹன்னா செரிப்பழம் வாங்கிய நாளிலிருந்து நூறு வருஷமும் இரண்டு கிழமையும் என்று நான் கணக்குச் சொன்னேன், யாரும் பொருட்படுத்தவில்லை. பெற்றோல் ஸ்டேஷன் கவுண்டருக்குக் கீழே சின்ன ரேடியோவை ஒளித்துவைத்துக் கேட்டாராம். யாரும் கேட்காமலே மகனுக்குத் தூஸ்ரா போடும் விதத்தைக் கையைச் சுழற்றிக் காட்டினார்.

பிளாட்ஃபோமில் ரயிலுக்கு நான்கு நிமிஷம் இருந்தது. சாப்ளினின் அந்த நடை எங்கிருந்து வந்தது என்று அப்போதுதான் சொன்னேன். அவருடைய தகப்பனின் சகோதரர் ஒருவர் இந்தப் பகுதியில் மதுக்கடை வைத்திருந்தார். அதன் வாசலில் வண்டிக் குதிரைகளைப் பிடித்துக்கொண்டு நிற்கும் ஒரு கிழவர், கால் வருத்தத்தில் பாதங்களை அகட்டி இழுத்து இழுத்து நடப்பாராம். சின்னச் சாப்ளின் வீட்டில் அதை நடித்துக் காட்டித் தாயிடம் ஏச்சு வாங்கினாராம். பாவம் அந்த மனிசனை ஏன் பகிடி பண்ணுகிறாய் என்று ஏசிவிட்டு, அவளும் சிரித்தாளாம்.

அப்பா எங்களுக்கு முன்னால் ரயில் வரும் பக்கம் பார்க்க நடந்துகொண்டிருந்தார். இருபது வருஷம் பெற்றோல் ஸ்டேஷன் கவுண்டரில் இரவிரவாக நின்ற கால்கள், முழங்கால் மடங்காது, பாதம் இரண்டு பக்கமும் விரியும். மகன் அதைப் பார்த்தான். பிறகு அவருக்குப் பின்னால் போய், தன் பாதங்களை விரித்து, அவர் வைத்த அடிக்கு அடி வைத்து நடந்தான். அவன் நடித்தது சாப்ளினையா அம்மப்பாவையா என்று எனக்குத் தெரியவில்லை. ஏசுவதற்கு வாயைத் திறந்தேன்.

அதற்குள் அப்பா திரும்பிப் பார்த்துவிட்டார். ஒன்றும் சொல்லவில்லை. கம்பளித் தொப்பியை இரண்டு விரலால் கொஞ்சம் தூக்கி வைத்தார். குடையைப் பிரம்பு போலப் பிடித்து ஒரு சுழற்றுச் சுழற்றி, பாதங்களை இன்னும் அகட்டி வைத்துக்கொண்டு, பிளாட்ஃபோமின் மற்ற முனையைப் பார்த்து நடக்கத் தொடங்கினார். மகன் பின்னால் போனான்.

"கால் அப்பிடி இல்லையடா," அப்பா சொல்வது கேட்டது, "குதியைச் சேர், நுனியை விரி." ரயில் வந்து கதவு திறந்த பிறகும் இரண்டு பேரும் அங்கேதான் நின்றார்கள்.